லெமூரியாவின் முட்டைகள்

எங்கள் ஊர்த் தமிழ்ப்பள்ளி விழாவில் ஒருவர் லெமூரியா வரைபடத்தைக் காட்டி, அங்கே நம் முன்னோர் மனவலிமையால் பேராற்றலை ஆண்டார்கள் என்று முழங்கினார். பிள்ளைகள் குறிப்பெடுத்தார்கள். எனக்கு வயிறு எரிந்தது.

அந்த ஆற்றல் சங்கப் பாட்டில் இல்லை. 1888இல் பிளாவட்ஸ்கி அம்மையார் எழுதிய 'இரகசியக் கோட்பாடு' நூலில் இருக்கிறது. 'ட்சியான்' என்ற தொல்சுவடிக்கு உரை எழுதுவதாகச் சொன்னார். மூலமொழி சென்ஸாராம். அப்படியொரு மொழியை எந்த மொழியியலாளரும் கண்டதில்லை, சுவடியையும்தான். அண்டத்தை இயக்கும் ஆற்றலுக்கு அதில் 'ஃபோஹாட்' என்று பெயர். (அவருடைய பிரம்மஞான சபை 1882இலேயே அடையாற்றுக்கு வந்துவிட்டது.)

லெமூரியா என்ற பெயரும் நமதல்ல. லெமூர் இன விலங்குகள் மடகாஸ்கரிலும் இந்தியாவிலும் இருப்பதற்குக் காரணம் தேடி, 1864இல் விலங்கியலாளர் ஸ்கிளேட்டர் வைத்தது. அம்மையார் அங்கே முட்டையிட்டுப் பெருகிய ஓர் இனத்தைக் குடியேற்றினார். நம்மவர்கள் முட்டையை மறைத்துவிட்டு இனத்தை மட்டும் எடுத்துக்கொண்டார்கள்.

பஃறுளி ஆறும் குமரிக்கோடும் கடலில் போனதாகச் சிலப்பதிகாரம் சொல்கிறது. அதைப் பாட்டாகக் கற்றுக்கொடுங்கள், போதும். குறிப்பெடுத்த பிள்ளை பதினெட்டு வயதில் நூலகத்தில் அந்த முட்டைகளைக் கண்டுபிடிக்கும்போது, சிலப்பதிகாரத்தையும் சேர்த்தே தூக்கிப்போடும்.