பேய்க்குக் கிடைத்த ‘ஏ’

தமிழ்ப் படத்துக்கு முதன்முதலாக ‘ஏ’ சான்றிதழ் வாங்கித் தந்தது ஒரு பேய். 1951-இல் வந்த எம்.ஜி.ஆரின் ‘மர்மயோகி’யில் ஆவி உலவும் காட்சிகளுக்காகக் கிடைத்தது அது. எழுபதுகளில் அதே எழுத்து போஸ்டரில் கொட்டையாக ஏறிக்கொண்டது. தணிக்கைத் துறை எச்சரிக்கையாகக் கொடுத்ததை விநியோகஸ்தர் விளம்பரமாக்கிக்கொண்டார்.

அமெரிக்காவில் நடந்தது வேறு. 1972-இல் நியூயார்க்கில் வெளியான ‘டீப் த்ரோட்’டுக்குத் தம்பதிகளே வரிசையில் நின்றார்கள்; ஆபாசப் படம் பார்ப்பது நாகரிகமாயிற்று. இங்கே அந்தத் தொழிலுக்குச் சட்டத்தில் இடமில்லை. இருந்தது நடுவாந்தரமான ஒரு சரக்கு: துணிச்சலான கதை, கொஞ்சம் உடம்பு, ஒரு ‘ஏ’. கதைக்குத் தேவையென்றால் முத்தமும் நிர்வாணமும் இருக்கலாம் என்று 1969-இல் திரைப்படத் தணிக்கையை ஆராய்ந்த கோஸ்லா குழு சொன்னது. மறு ஆண்டு கே.ஏ.அப்பாஸ் வழக்கில் முன்தணிக்கை செல்லும் என்ற உச்ச நீதிமன்றம், பாலுறவு வேறு ஆபாசம் வேறு என்றும் சொல்லிவைத்தது.

அந்த இடைவெளியில்தான் கே.பாலசந்தரின் ‘அரங்கேற்றம்’ (1973) வந்தது. குடும்பத்தைத் தூக்கி நிறுத்த உடலை விற்கும் பிராமணப் பெண்ணின் கதை. 1978-இல் ஐ.வி.சசியின் மலையாளப் படம் ‘அவளுடெ ராவுகள்’, சட்டை மட்டும் அணிந்த சீமாவின் போஸ்டரோடு.

ரெட்டியார்சத்திரம் மாதிரி ஊர்களுக்கு அன்று ‘ஏ’ படம் டவுன் சமாச்சாரம். கீற்றுக் கொட்டகையில் இருட்டிய பிறகே படம். மணல் தரையில் சித்தப்பாவும் மாமனும் பக்கத்திலேயே இருப்பார்கள். திண்டுக்கல்லுக்கு பஸ் ஏறினால் தெரிந்த முகம் குறைவு. தென்பட்டாலும் இரண்டு பேருமே பார்க்காததுபோலப் போய்விடலாம்.

இத்தனையிலும் மதிப்பு உயர்ந்தது இயக்குநர்களுக்கு, நடிகைகளுக்கு அல்ல. இந்தி நடிகை ரஹானா சுல்தான் புணே திரைப்படக் கல்லூரியில் படித்தவர், ‘தஸ்தக்’ (1970) படத்துக்காகத் தேசிய விருது பெற்றவர். அதே ஆண்டு ‘சேத்னா’வில் பாலியல் தொழிலாளியாக நடித்த பிறகு, அவரைத் தேடி வந்தவை பெரும்பாலும் அதே அச்சில் வார்த்த வேடங்கள். சீமா தப்பினார், மலையாளத்தின் முன்னணி நாயகியானார். அவர் விதிவிலக்கு. ‘டீப் த்ரோட்’ நாயகி லிண்டா லவ்லேஸ், அன்றைய கணவனின் அடிக்கும் மிரட்டலுக்கும் பயந்தே நடித்ததாக 1980-இல் எழுதினார்.

‘சத்யம் சிவம் சுந்தரம்’ படத்துக்காக ராஜ் கபூர் மீது போடப்பட்ட ஆபாச வழக்கை 1979-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. சரியான தீர்ப்புதான். ஆனால் தணிக்கைக் குழு பார்ப்பது திரையில் ஓடுவதை மட்டும். ஒரு காட்சியில் நடிக்க அதில் வரும் பெண் எப்படிச் சம்மதித்தாள் என்று கேட்கும் வேலையை 1952-ஆம் ஆண்டுத் திரைப்படச் சட்டம் அதற்குக் கொடுக்கவில்லை.