பழுதுபார்ப்பவரைத் தடுக்கும் உருகி

2004ஆம் ஆண்டில் ஐபிஎம் நிறுவனம் ‘இ-ஃபியூஸ்’ என்னும் நூதன ஏற்பாட்டை அறிவித்தபோது, சில்லுகள் தமக்குள் நேரும் கோளாறுகளைத் தாமே கண்டறிந்து சரிசெய்துகொள்ள அது துணைபுரியும் என்று சொல்லப்பட்டது; அத்தகைய சாதனமே இன்று கைப்பேசியைச் செப்பனிடுவோரின் கைகளைக் கட்டிப்போட்டிருப்பது விசித்திரந்தான்.

சில்லினுள் கண்ணுக்குப் புலப்படாத நுண்ணிய கடத்தி ஒன்றில் மிகுந்த மின்னோட்டம் பாய்ச்சப்பட்டால் அது நிரந்தரமாக மாறிவிடுகிறது. வீட்டு ஃபியூஸ் போனால் கம்பி கட்டிக்கொள்ளலாம். இதற்கு அந்த உபாயம் இல்லை. இவ்வுருகிகளில் உற்பத்தியாளர் தம் முத்திரையைத் தொழிற்சாலையிலேயே பொறித்துவிடுவதால், அதற்கு இசைந்த கையொப்பம் இல்லாத மென்பொருளைக் கைப்பேசி தொடக்கத்திலேயே நிராகரித்துவிடுகிறது.

குவால்காம் சில்லு கொண்ட கைப்பேசி மென்பொருள் கெட்டு ‘டெட்’ ஆகிவிட்டால், ஈடிஎல் என்னும் அவசர நிலையில் கணினியோடு இணைத்து அதை உயிர்ப்பிக்க இயலும். ஆனால் அங்கும் உற்பத்தியாளர் கையொப்பமிட்ட சிறு நிரல் ஒன்று தேவை, அதையோ நிறுவனங்கள் பெரும்பாலும் வெளியாருக்குத் தருவதில்லை. ஆகவே, வித்தை தெரிந்த மெக்கானிக்கும் போர்டை மாற்றச் சொல்கிறார். உள்ளிருந்த புகைப்படங்களைப் பூட்டிய சாவி பழைய சில்லோடு பிணைந்திருப்பதால், அவையும் போர்டோடு போய்விடுகின்றன. சாம்சங்கின் நாக்ஸ் உருகியோ, அங்கீகாரமற்ற மென்பொருளை ஒருமுறை ஏற்றியதற்காக, பின்னர் அசல் மென்பொருளையே மீட்டு வைத்தாலும் சாம்சங் பே வசதியைத் திருப்பித் தருவதில்லை. தன் பணத்தில் வாங்கிய பொருளின் மீது ஒருவர் செய்த பரீட்சைக்கு ஆயுள் தண்டனை!

களவாடிய கைப்பேசியில் கள்ள மென்பொருளை ஏற்ற முயல்வோனைத் தடுக்க இதனினும் வலிய காவல் அரிது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆயினும், ரசீதோடு வரும் சொந்தக்காரரையும் அந்தக் கள்வனையும் பிரித்தறிய உருகிக்கு விவேகம் கிடையாது. அந்த விவேகத்தை உற்பத்தியாளர்தாம் ஏற்படுத்த வேண்டும்.

மத்திய நுகர்வோர் விவகாரத் துறை பழுதுபார்க்கும் உரிமைக்காக 2022இல் தொடங்கிய இணையதளம் கையேடு, உதிரிப் பாகம், உத்தரவாதம் ஆகியவற்றோடு நில்லாமல் இந்த உருகிப் பூட்டையும் கவனிக்க வேண்டும். உத்தரவாதக் காலம் கழிந்த பின்னராவது, ரசீதைச் சரிபார்த்து, கையொப்பமிட்ட அந்த நிரலைப் பதிவுபெற்ற கடைகளுக்கு நியாயமான கட்டணத்தில் வழங்குமாறு நிறுவனங்களை அரசு கட்டாயப்படுத்தலாம். என்ன செய்தால் எந்த உருகி எரியும், எதை இழப்போம் என்பதையும் விற்பனைப் பெட்டியின் மேலேயே தெளிவாக அச்சிடச் செய்யலாம்.