ஒரு கைப்பிடித் துவையல்

விருந்தின் பெருமையைப் பேசுவோர் பலர். துவையலின் பெருமையைப் பேசுவோர் சிலரே. இலையின் நடுவில் சோறு இருக்கும். கறியும் கூட்டும் அதனைச் சூழ்ந்திருக்கும். ஓரத்தில் நெல்லிக்காய் அளவு துவையல் ஒதுங்கியிருக்கும். அளவிற் சிறிதாய், இடத்தில் ஓரமாய் இருப்பதனால், நாவின் சுவைக்கென்றே அதனை வைத்தனர் என்று எண்ணுவது வழக்கமாகிவிட்டது. ஆனால், கறியும் கூட்டும் சமைக்க இயலாத வீட்டில் அந்தத் துவையலே கறி; அதுவே கூட்டு. அத்தகைய வீட்டில் அதனை எப்பொருளால் அரைக்கின்றனர், அதில் யார் யாருக்குப் பங்கு கிடைக்கின்றது என்பவை சிறு வினாக்களாகா. குடும்பத்தின் உடல்நலமே அவற்றைச் சார்ந்து நிற்கின்றது.

இவ்வுண்மையை உணர்த்தவல்ல ஊர்களுள் ஒன்று சேரம்பாடி. நீலகிரி மாவட்டத்தின் மேற்குப் பகுதியில், பந்தலூர் வட்டத்தில், கேரளத்தின் வயநாட்டை அடுத்து அமைந்துள்ளது அவ்வூர். உதகையின் கடுங்குளிர் அங்கு இல்லை. ஆனால், தென்மேற்குப் பருவக்காற்று வீசத் தொடங்கிவிட்டால் மழைக்குக் குறைவில்லை. மழை சற்று ஓய்ந்த வேளையில் நோக்கினால், குன்றுதோறும் பச்சைப் பட்டு விரித்தாற்போலத் தேயிலைச் செடிகள் காட்சியளிக்கும். அவற்றினிடையே, முதுகில் கூடையும் தலையில் முக்காடுமாய்ப் பெண்கள் வரிசையாக நின்று கொழுந்து பறிப்பர்.

இவ்வட்டாரத்துத் தொழிலாளருள் பலர், இலங்கையின் மலையகத்திலிருந்து வந்த குடும்பங்களைச் சேர்ந்தவர்கள். 1964 ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிரிமாவோ பண்டாரநாயக்காவும் செய்துகொண்ட உடன்படிக்கையின் விளைவாக, அங்குத் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த தமிழர் பல்லாயிரவர் தாயகம் திரும்ப நேர்ந்தது. அவர்களுக்கு வாழ்வளிக்கும் நோக்குடன் தமிழக அரசு 1968 இல் நீலகிரியில் தேயிலைத் திட்டம் ஒன்றைத் தொடங்கிற்று. அத்திட்டமே பின்னர்த் தமிழ்நாடு தேயிலைத் தோட்டக் கழகமாக வளர்ந்தது. வந்தவர்கள் கொண்டுவந்த பொருள் மிகுதியன்று. ஆயினும், கொழுந்து பறிக்கும் கைத்திறனும், இருப்பதைக் கொண்டு சம்பல் அரைக்கும் கைப்பக்குவமும் அவர்களுடன் வந்தன. தமிழகத்தின் துவையலும் மலையகத்தின் சம்பலும் இவ்வாறு ஒரே அடுக்களையில் உறவுகொண்டன.

தோட்டத்தில் வேலை செய்யும் தாய் ஒருத்தியின் காலைப்பொழுதை எண்ணிப் பார்த்தல் வேண்டும். விடியுமுன் எழுகிறாள், அடுப்பு மூட்டுகிறாள், கணவனுக்கும் பிள்ளைகளுக்கும் உணவு சமைத்து, அவரவர் பாத்திரத்தில் இட்டு நிரப்புகிறாள். வேலைக்குப் புறப்படும் நேரம் நெருங்குகிறது. எஞ்சியதைத் தன் தூக்குச் சட்டியில் அள்ளிக்கொண்டு விரைகிறாள். நண்பகலில் அதனைத் திறந்தால் சோறு இருக்கும், காய் இராது. ஊறுகாய் ஒரு துண்டோ, மிளகாயும் உப்பும் சேர்த்து அரைத்த சம்பல் ஒரு சிட்டிகையோ துணையாக இருக்கும். வயிறு நிறைகின்றது, உடல் நிறைவதில்லை.

இந்நிலை சேரம்பாடிக்கு மட்டும் உரியதன்று. 2019 முதல் 2021 வரை நடைபெற்ற தேசியக் குடும்பநல ஆய்வின்படி, இந்தியாவில் 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களுள் நூற்றுக்கு 57 பேர் இரத்தச்சோகை உடையவர்கள். தமிழ்நாட்டிலும் பாதிக்கு மேற்பட்ட பெண்கள் அக்குறைக்கு ஆளாகியிருந்தனர். இரத்தத்தின் செந்நிறத்திற்குக் காரணமான பொருள் உருவாக இரும்புச் சத்து வேண்டும். அது குறைந்தால், உடலுறுப்புகளுக்கு உயிர்வளி போதிய அளவு சென்று சேராது. மேடு ஏறினால் மூச்சு வாங்கும். வேலையில் சோர்வு தோன்றும். படிப்பில் கருத்து நில்லாது. ஏற்றமும் இறக்கமுமான மலைச்சரிவில் நாள் முழுதும் நிற்கும் பெண்ணுக்கு இச்சோர்வு எத்துணைப் பெரிய இடர் என்பதைச் சொல்லவும் வேண்டுமோ?

“தாயும் பிள்ளையும் ஒன்றானாலும் வாயும் வயிறும் வேறு” என்பது பழமொழி. அன்பினால் ஒருவர் பசியை மற்றொருவர் பொறுத்துக்கொள்ளலாம். உண்ணுதலை ஒருவருக்காக மற்றொருவர் செய்ய இயலாது. ஆகவே, பெரிய சட்டியில் பொதுவாகச் சமைத்து, எஞ்சினால் தாய்க்கு என்று விடும் வழக்கம் மாறுதல் வேண்டும். காலையில் வேலைக்குப் போகும் ஒவ்வொருவருக்கும், பள்ளிக்குப் போகும் ஒவ்வொருவருக்கும், அவரவர்க்கென்று ஒரு கைப்பிடிக் காய்கறித் துவையல் தனியே இருத்தல் வேண்டும். ‘ஒருவர் அளவு’ என்பதைத் தன்னலத்தின் அடையாளமாகக் கருதலாகாது. கடைசியில் உண்பவரையும் கணக்கில் சேர்க்கும் முறை அது.

ஒருவர் அளவுத் துவையல் அரைப்பது எளிது. மேரக்காய் என்று நீலகிரியில் வழங்கும் காயையே எடுத்துக்கொள்ளலாம். சீமைக் கத்தரிக்காய் என்றும், சௌசௌ என்றும் பிற ஊரினர் கூறுவது அதுவே. மெக்சிகோ நாட்டுப் பக்கத்திலிருந்து வந்த கொடி அது. மலைநாட்டில் வேலியிலும் பந்தரிலும் இயல்பாகப் படர்ந்து காய்க்கின்றது. இளங்காயாயின் தோலை எறிய வேண்டுவதில்லை. 100 கிராம் அளவு காயைத் தோலுடன் கழுவி, சிறு துண்டுகளாக நறுக்குதல் வேண்டும். நறுக்கும்போது பால் கசிந்து கையிற் பிசுபிசுக்கும். நீரில் நனைத்துக்கொண்டு நறுக்கினால் அத்தொல்லை குறையும். சட்டியில் ஒரு தேக்கரண்டி எண்ணெய் ஊற்றி, இரண்டு தேக்கரண்டி உளுத்தம்பருப்பும் ஒரு வற்றல் மிளகாயும் பொன்னிறமாக வறுத்துத் தனியே எடுத்து வைக்கலாம். அதே சட்டியில் காயை இட்டு, அதன் நீர் சுண்டும் வரை வதக்குதல் வேண்டும். ஆறிய பின், சிறு துண்டு புளியும் சிறிது உப்பும் கூட்டி, முதலில் பருப்பையும் பின்னர்க் காயையும் அரைத்தெடுத்தால் துவையல் ஆயிற்று.

சிறிய அளவுக்கு அம்மியே ஏற்றது. மின்னரைவையின் பெரிய பாத்திரத்தில் ஒரு கைப்பிடிப் பொருளை இட்டால், அது சுவரில் ஒட்டிக்கொள்ளுமேயன்றி அரைபடாது. நீரைச் சேர்த்து அரைத்தால் துவையல் குழம்பாகும். சிறிய பாத்திரம் இருப்பின் அதனைக் கொள்ளலாம். நண்பகல் வரை எடுத்துச் செல்லும் துவையலில் தேங்காய் சேர்க்காதிருத்தல் நன்று. அது விரைவில் கெட்டுவிடும். தேங்காய்க்கு மாற்றாக வறுத்த நிலக்கடலை சிறிது சேர்த்தால் சுவையும் புரதமும் மிகும். மேரக்காய்க்குப் பதிலாகக் காரட்டோ, பீட்ரூட்டோ, முட்டைக்கோசோ, பீர்க்கங்காய்த் தோலோ எதுவாயினும் முறை ஒன்றே.

வீட்டிலேயே உண்பவர் மலையகத்து வல்லாரைச் சம்பலைச் செய்யலாம். ஈரமான நிலத்தில் படரும் வல்லாரையின் இளந்தழையைப் பலமுறை அலசி, பொடியாக அரிந்து, சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், துருவிய தேங்காய், உப்பு ஆகியவற்றுடன் பிசைந்து, எலுமிச்சம் பழத்தைப் பிழிந்தால் போதும், அடுப்பும் வேண்டா. ஆயினும் ஓர் எச்சரிக்கை உண்டு. களைக்கொல்லி தெளித்த இடத்திலும், சாக்கடை ஓரத்திலும் கீரை பறித்தலாகாது. வீட்டின் புறத்தே ஒரு சிறு பாத்தி அமைத்து வளர்ப்பதே பாதுகாப்பானது.

அச்சம்பலில் பிழியும் எலுமிச்சைக்குச் சுவையினும் மேற்பட்ட பயன் ஒன்று உண்டு. கீரையிலும் பருப்பிலும் உள்ள இரும்புச் சத்தை உடல் எளிதில் ஏற்பதில்லை. எலுமிச்சை, நெல்லி போன்றவற்றிலுள்ள வைட்டமின் ‘சி’ அதனை ஏற்கத் துணை புரிகின்றது. வெப்பம் அவ்வைட்டமினைச் சிதைக்குமாதலால், பழத்தை இறுதியிலேயே பிழிதல் வேண்டும். இதற்கு நேர்மாறானது தேநீரின் செயல். தேயிலையிலுள்ள துவர்ப்புப் பொருள் இரும்புச் சத்துடன் கலந்து, அதனை உடலிற் சேரவொட்டாமல் தடுக்கின்றது. தேயிலையைப் பறித்து உலகிற்கு அளிக்கும் பெண், அத்தேநீரைச் சோற்றுடனேயே பருகித் தன் உணவின் பயனை இழப்பது எவ்வளவு இரங்கத்தக்கது! தேநீரை விலக்க வேண்டுவதில்லை. உணவுக்கும் தேநீருக்கும் இடையே ஒரு மணி நேரமேனும் இருக்குமாறு பார்த்துக்கொண்டால் போதும்.

‘விடியற்காலையில் இதற்கெல்லாம் நேரம் ஏது?’ என்று சிலர் வினவலாம். வினாவில் நியாயம் உண்டு. தாய் ஒருத்தியே எல்லாவற்றையும் செய்ய வேண்டும் என்று விட்டுவிட்டால், இத்துவையலும் அவளுக்கு மற்றொரு சுமையாகும். ஆனால், முதல்நாள் இரவே பருப்பை வறுத்து வைப்பது மகனால் ஆகாத வேலையன்று; காயை நறுக்குவது கணவனுக்கு இழிவன்று. பள்ளியிற் பயிலும் பிள்ளை அம்மியின் முன் கால்மணி நேரம் அமர்ந்தால், தாயின் தூக்குச் சட்டியிலும் ஒரு கைப்பிடித் துவையல் சேரும்.

‘இவ்வளவு சிறிய துவையல் நோயைப் போக்குமோ?’ என்று வேறு சிலர் வினவலாம். அதுமட்டுமே போக்காது. இரத்தச்சோகை உடையவர்கள் ஆரம்பச் சுகாதார நிலையத்தை நாடி, மருத்துவர் கூறும் மாத்திரைகளை உட்கொள்ளுதல் வேண்டும். பருப்பு, முட்டை, மீன் முதலியவையும் இயன்றவாறு உணவில் இடம் பெறுதல் வேண்டும். நல்ல உணவுக்கு ஏற்ற கூலியும் வேண்டும் என்பதை மறுப்பார் யார்? ஒருவர் நாளொன்றுக்கு 400 கிராம் காய்கறி உண்ண வேண்டும் என்பது இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 2024 இல் வெளியிட்ட உணவு நெறி. 100 கிராம் காயால் அரைத்த துவையல் அதில் நான்கில் ஒரு பங்கு. காயே இல்லாத உணவில் நான்கில் ஒரு பங்கு சேர்வது சிறிய மாற்றமன்று. மேலும், நாளொன்றுக்கு 5 கிராமுக்குக் குறைவாகவே உப்பு வேண்டும் என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் அறிவுரை. உப்பிலே ஊறிய ஊறுகாயை நாள்தோறும் நம்பியிருப்பவர், அன்றன்று அரைத்த துவையலுக்கு மாறினால் அவ்வறிவுரையைப் பின்பற்றுதலும் எளிதாகும்.

பெரிய நன்மைகள் யாவும் பெரிய செயல்களாலேயே வரும் என்று காத்திருப்போர், கைக்கு எட்டும் நன்மையை இழப்பர். மேரக்காய் ஒன்று, மிளகாய் ஒன்று, பிடிப் பருப்பு, கால்மணி நேரம் ஆகியவை ஏழை வீட்டிலும் எட்டக்கூடியவை. மழை பெய்யும் சேரம்பாடி மலைச்சரிவில், நண்பகல் வேளையில் தன் தூக்குச் சட்டியைத் திறக்கும் தாய், சோற்றின் ஓரத்தில் தனக்கென்றே அரைத்து வைத்த துவையலைக் காண்பாளாயின், அவ்வீட்டில் அன்பு வெறுஞ்சொல்லாக நின்றுவிடவில்லை என்பது விளங்கும்.