தராசு மாறிவிட்டது, கணக்கு யார் கையில்?



மலையில் இப்போது இரண்டு விதமான பேச்சு கேட்கிறது. "டிஜிட்டல் தராசு வந்துவிட்டது, இனிக் கிலோவைக் களவெடுக்க ஏலாது" என்கிறார்கள் சிலர். "மெஷின் வந்தாலே நமக்குக் கேடுதான், வேண்டவே வேண்டாம்" என்கிறார்கள் வேறு சிலர். இரண்டிலும் கொஞ்சம் உண்மை இருக்கிறது. ஆனால் கேட்க வேண்டிய கேள்வியை இருவருமே கேட்கவில்லை. தராசு எழுதும் கணக்கைத் தொழிலாளி பார்க்க முடியுமா? பிழை இருந்தால் திருத்தச் சொல்ல முடியுமா? தொழிற்சங்கம் இந்தக் கேள்வியைத்தான் இறுகப் பிடிக்க வேண்டும்.

பழைய முறை எப்படி இருந்தது என்று இளையவர்களுக்குச் சொல்ல வேண்டும். தொங்கும் தராசின் முள் ஆடி நிற்பதற்கு முன்பே கணக்கப்பிள்ளை ஓர் எண்ணைச் சொல்லிவிடுவார். வரிசையில் நிற்கும் அக்காமாருக்கு முள்ளும் தெரியாது, செக்ரோலில் விழுந்ததும் தெரியாது. அரைக் கிலோ, முக்கால் கிலோ என்று வந்தால் முழுக் கிலோ மட்டும்தான் எழுதப்படும். மிச்சம் பேர் இல்லாத கொழுந்தாக ஸ்டோருக்குப் போகும்.

இன்று பல தோட்டங்களில் தொழிலாளியின் அட்டையையோ இலக்கத்தையோ பதிந்து, பையைத் தராசில் வைத்ததும் எடை கண் முன்னே தெரிகிறது. அந்தக் கணக்கு ஆபீஸ் கணினிக்குப் போகிறது. வாசிக்கத் தெரியாத பெரியம்மாகூட இலக்கத்தை அடையாளம் கண்டுகொள்வார். இது முன்னேற்றம்தான், மறுக்கத் தேவையில்லை.

ஆனால் தராசில் தெரியும் எடையும் சம்பளத்துக்கு எடுக்கும் எடையும் ஒன்றல்ல. இடையில் கழிவு இருக்கிறது. பைக்கு இவ்வளவு, மழை நாளில் தண்ணீருக்கு இவ்வளவு, முற்றிய இலைக்கு இவ்வளவு. முன்பு கழிவை வாயால் சொன்னார்கள். அந்த இடத்திலேயே சண்டை பிடிக்கலாம். இப்போது ஆபீஸில் ஒரு தடவை அதைக் கணினிக்குள் போட்டுவிட்டால் போதும், ஒவ்வொரு நிறுவையிலும் சத்தமில்லாமல் கழிந்துகொண்டே இருக்கும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். நியாயமான கழிவுக்கு மேல் ஒரு நிறுவைக்கு 1 கிலோ போகிறது என்று வைத்துக்கொள்வோம். நாளைக்கு மூன்று நிறுவை என்றால் 3 கிலோ. மாதம் 20 நாள் வேலைக்கு 60 கிலோ. 50 பெண்கள் கொழுந்தெடுக்கும் டிவிசனில் 3,000 கிலோ. நாலரைக் கிலோ பச்சைக் கொழுந்துக்கு ஏறக்குறைய ஒரு கிலோ தேயிலை கிடைக்கும் என்பது ஸ்டோரில் வேலை செய்பவர்களுக்குத் தெரியும். அப்படியானால் ஒரு டிவிசனில் மாதத்துக்கு ஏறக்குறைய 667 கிலோ தேயிலைக்கான கொழுந்து, கூலி இல்லாமல் பறிக்கப்பட்டிருக்கும்.

அதோடு முடியவில்லை. நோம் 18 கிலோ என்று வைத்துள்ள இடத்தில் 17 கிலோ பதிந்தால் அரைப்பேர் போடும் வழக்கம் இருக்கிறது. 2024இல் நிர்ணயித்த 1,350 ரூபா அடிப்படை நாட்சம்பளத்தின்படி பார்த்தாலே 675 ரூபா போய்விடுகிறது. அந்த ஒரு கிலோ பறிக்காமல் விட்டதா, பறித்த பின் கழிந்ததா என்று கேட்டால் வரும் பதில் நமக்கெல்லாம் பழகிப்போனது: "கம்பியூட்டர் அப்படித்தான் காட்டுது."

தோழர்களே, டிஜிட்டல் காலம் நம் பழக்கவழக்கத்தில் செய்த பெரிய மாற்றம் இதுதான் என்று நினைக்கிறேன். கணக்கப்பிள்ளையோடு கொழுந்து மடுவத்திலேயே வாதாடிய நம் பெண்கள், கணினி என்றதும் வாய் மூடிக்கொள்கிறார்கள். மெஷின் பிழை விடாது, நமக்குத்தான் விளங்கவில்லை என்று நினைத்துவிடுகிறார்கள். கணினி தானாக ஒன்றும் சொல்லாது. ஒரு மனிதன் உள்ளே போட்டதைத்தான் திருப்பிக் காட்டும். போட்டவருக்கு ஒரு பெயரும் ஒரு நாற்காலியும் இருக்கிறது. அவரிடம் காரணம் கேட்கலாம், கேட்க வேண்டும்.

நாம் பார்க்க முடியாத எழுத்தால் நம் சமூகம் முன்பும் அடிபட்டிருக்கிறது. பாட்டன் பூட்டன் காலத்தில் 'துண்டு' என்று ஒரு காகிதம் இருந்தது. தொழிலாளியின் பேரில் எவ்வளவு கடன் என்று அதில் எழுதியிருக்கும். அந்தக் கடனைக் கட்டினால்தான் ஆளை வேறு தோட்டத்துக்கு விடுவார்கள். கடன் எப்படி ஏறியது என்று கங்காணிக்குத்தான் தெரியும். கடன்காரர் என்று எழுதப்பட்டவர்களில் பலருக்கு அதை வாசிக்கவே தெரியாது. 1921இல் சட்டம் போட்டுத்தான் அதை ஒழிக்க முடிந்தது. பிறகு 1948இல் வந்த பிரஜாவுரிமைச் சட்டம், இங்கே பிறந்திருந்தால் மட்டும் போதாது, தகப்பன் இங்கே பிறந்ததற்கும் அத்தாட்சி வேண்டும் என்றது. லயத்தில் பிறந்தவர்களிடம் அந்தக் காகிதம் எங்கே இருந்தது? இலட்சக்கணக்கானோர் நாடற்றவரானோம். பதிவு அடுத்தவர் கையில் மட்டும் இருந்தால் என்ன நடக்கும் என்று வேறு யாரும் நமக்குப் படிப்பிக்கத் தேவையில்லை.

சம்பளச் சிட்டையிலும் இதே பிரச்சினைதான். கணினி அச்சடித்துக் கொடுக்கிறது, ஆனால் ஆங்கிலச் சுருக்க எழுத்துகளாக இருந்தால் எத்தனை பேருக்கு விளங்கும்? நான் சதவீதம் படிப்பிக்கும்போது பிள்ளைகளுக்குக் கொடுக்கும் கணக்கு இது: 1,350 ரூபா நாட்சம்பளத்தில் தொழிலாளி கட்டும் ஈ.பி.எப். 8 சதவீதம், அது 108 ரூபா. நிர்வாகம் கட்ட வேண்டியது 12 சதவீதம், அது 162 ரூபா. ஈ.டி.எப். 3 சதவீதம், அது 40 ரூபா 50 சதம், அதையும் நிர்வாகமே கட்ட வேண்டும். இதைச் செய்து பழகிய பிள்ளை அன்றிரவே அம்மாவின் சிட்டையைக் கேட்டு வாங்கிப் பார்க்கிறது. பாடசாலைக்குக் கணினி வேண்டும் என்று நாம் கேட்பது படம் பார்ப்பதற்கல்ல. அடுத்த தலைமுறை கணக்கைப் பார்த்துக் கேள்வி கேட்கப் பழக வேண்டும் என்பதற்காகத்தான்.

நிர்வாகங்களிடம் நாம் வைக்க வேண்டிய கோரிக்கைகள் நான்கு.

முதலாவது, எதற்கு எவ்வளவு கழிவு என்பதைத் தமிழில் எழுதிக் கொழுந்து மடுவத்தில் ஒட்ட வேண்டும். சங்கத்தோடு பேசாமல் அதை மாற்றக் கூடாது.

இரண்டாவது, ஒவ்வொரு நிறுவைக்கும் அச்சிட்ட சிட்டை வேண்டும். மொத்த எடை, கழிவு, மிஞ்சிய எடை மூன்றும் அதில் தெரிய வேண்டும்.

மூன்றாவது, தராசைக் குறித்த காலத்துக்கு ஒருமுறை பரிசோதிக்க வேண்டும். கடையில் பருப்பு நிறுக்கும் தராசுக்கு அரசாங்க முத்திரை வேண்டும் என்றால், நம் கூலியை நிறுக்கும் தராசுக்கு வேண்டாமா?

நான்காவது, பதிந்த கணக்கை ஆபீஸில் பிறகு மாற்றினால் யார் மாற்றினார், எப்போது, ஏன் என்பது தெரிய வேண்டும். மாத முடிவில் தோட்டத் தலைவரும் மாதர் சங்கத் தலைவியும் அதைப் பார்க்க இடம் கொடுக்க வேண்டும்.

இது அதிகப்படியான கோரிக்கை என்று யாராவது சொன்னால், 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டத்தைக் காட்டுங்கள். தன்னைப் பற்றிய தகவலைப் பார்க்கவும் பிழையைத் திருத்தக் கேட்கவும் ஒருவருக்கு உரிமை உண்டு என்பதை அந்தச் சட்டம் ஏற்றிருக்கிறது. அதை நடைமுறைப்படுத்துவது தள்ளிப்போடப்பட்டாலும், நாம் கேட்பது பாராளுமன்றம் ஒத்துக்கொண்ட விஷயம்தான்.

அதுவரை கைகட்டி நிற்க வேண்டாம். ஆளுக்கு ஒரு கொப்பி வாங்குங்கள். காலை, பகல், பின்னேர நிறுவையை அன்றன்றே எழுதுங்கள். எழுதத் தெரியாதவர்களுக்கு வீட்டில் உள்ள பிள்ளை எழுதட்டும். சிட்டை கொடுத்தால் அதைக் கையடக்கத் தொலைபேசியில் படம் பிடித்து வையுங்கள், மழையில் நனைந்தாலும் கணக்கு அழியாது. அடையாள அட்டைப் படத்தையும் தொலைபேசிக்கு வரும் இரகசிய இலக்கத்தையும் மட்டும் யாருக்கும் அனுப்ப வேண்டாம்.

இதை ஒருவர் தனியாகச் செய்தால் அவரைக் குழப்படிக்காரி என்பார்கள். ஒரு டிவிசனில் பத்துப் பேர் சேர்ந்து எழுதினால் அது சாட்சியம். கொழுந்தெடுப்பவர்களில் பெரும்பாலானோர் பெண்கள் என்பதால், இந்தக் கொப்பிகளைச் சேர்த்துப் பார்க்கும் குழுவுக்கும் பெண்களே பொறுப்பாக இருக்க வேண்டும். தலைவர்மார் இதை மனம் கோணாமல் ஏற்க வேண்டும்.

அடுத்த சம்பளம் போட்ட பிறகு நடக்கும் தோட்டக் கமிட்டிக் கூட்டத்துக்குக் கொப்பியையும் சம்பளச் சிட்டையையும் கொண்டு வாருங்கள். கணக்குத் தெரிந்த பிள்ளைகளையும் கூட்டி வாருங்கள். இரண்டையும் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டுப் பார்ப்போம். வித்தியாசம் இருந்தால் அந்த இலக்கத்தோடு துரையிடம் போவோம்.