தேடிப் பார்த்த பிறகே தள்ளுபடி: தனிநபர் குற்றப் புகார்கள் குறித்த எங்கள் நிலைப்பாடு

அடிப்படையில்லாத குற்றப் புகாரைத் தொடக்கத்திலேயே தள்ளுபடி செய்யும் அதிகாரம் குற்றவியல் நடுவருக்கு இருக்கத்தான் வேண்டும். நாமகிரிப்பேட்டை வட்டாரத்தில் எளியவர்களின் வழக்குகளுக்குத் துணைநிற்கும் நாங்கள் இதைத் தயங்காமல் சொல்கிறோம். ஆனால் ஆதாரம் இருக்கிறதா என்று நீதிமன்றம் தேடிப் பார்த்த பிறகுதான் அந்த அதிகாரத்தைக் கையில் எடுக்க வேண்டும்.

பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 203ஆம் பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 226ஆம் பிரிவாக இருக்கிறது. மேற்கொண்டு நடத்தப் போதிய முகாந்திரம் இல்லையென்றால் நடுவர் புகாரைத் தள்ளுபடி செய்யலாம். காரணத்தைச் சுருக்கமாகவேனும் எழுத வேண்டும். இந்த வடிகட்டல் தேவை. வரப்புத் தகராறும் பாதைத் தகராறும் பங்காளிப் பகையும் கொலைமிரட்டல் புகாராக மாறுவதை ஊரே அறியும். சம்மன் கைக்கு வந்துவிட்டால், குற்றமே செய்யாதவரும் கூலியை விட்டுவிட்டு இராசிபுரம் கோர்ட்டுக்கு வாய்தா வாய்தாவாக அலைய வேண்டும். ஒருவருக்குச் சம்மன் அனுப்புவதை இயந்திரத்தனமாகச் செய்யக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1997இல் பெப்சி ஃபுட்ஸ் வழக்கில் சொன்னது.

எங்கள் கவலை மறுபக்கத்தில் இருக்கிறது. எடுத்துக்காட்டாக, கூட்டுறவுச் சங்க ஏலத்தில் விற்கும் மஞ்சளுக்கு முறையான ரசீது உண்டு. களத்திலேயே வியாபாரிக்கு எடை போட்டுக் கொடுத்தவரிடம் இருப்பது ஒரு துண்டுச் சீட்டு. பணம் வராமல் ஸ்டேஷனுக்குப் போனால் புகாரைப் பெற்றதற்கான சி.எஸ்.ஆர். ரசீதும், “இது சிவில் மேட்டர்” என்ற பதிலும் கிடைக்கின்றன. பணம் தராதது மட்டுமே மோசடி ஆகிவிடாது. வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்ததா என்பதுதான் கேள்வி. அதைக் காட்டக்கூடிய கணக்கு நோட்டும் வங்கி விவரமும் வியாபாரியிடமே இருக்கும்போது, நீதிமன்றத்துக்குப் புகாரோடு வரும் விவசாயியைப் பார்த்து “ஆதாரம் எங்கே?” என்று கேட்பது நியாயமா? 225ஆம் பிரிவின்படி நடுவர் தாமே விசாரிக்கலாம், போலீஸையும் விசாரிக்கச் சொல்லலாம். 94ஆம் பிரிவின்படி ஆவணங்களை வரவழைக்கலாம். இவை எதையும் செய்யாமல் “ஆதாரமில்லை” என்று எழுதும் உத்தரவை எங்களால் ஏற்க முடியாது.

தேடினால்தான் ஆதாரம் கிடைக்கும் என்பதற்குப் தருமபுரி மாவட்டத்து வாச்சாத்தியே சாட்சி. 1992 ஜூனில் அங்கே மலைமக்கள் மீது அரசு ஊழியர்கள் நடத்திய கொடுமையை அதிகாரிகள் மறுத்தார்கள். உயர் நீதிமன்ற உத்தரவால் சி.பி.ஐ. விசாரித்த பிறகே உண்மை வழக்காயிற்று. 2011இல் தருமபுரி நீதிமன்றம் குற்றஞ்சாட்டப்பட்டவர்களில் உயிரோடிருந்த 215 பேரையும் தண்டித்தது. 2023இல் உயர் நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. அந்த மலைமக்களிடம் முதல் நாளிலேயே ஆவணம் கேட்டிருந்தால் என்ன காட்டியிருப்பார்கள்?

தள்ளுபடியா இல்லையா என்று முடிவெடுக்கும் கட்டத்தில் நடுவர் பார்க்க வேண்டியது மேலே நடத்த முகாந்திரம் உண்டா என்பதை மட்டுமே, தண்டிக்கப் போதிய சான்று உண்டா என்பதை அல்ல. 1963இல் சந்திர தேவ் சிங் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. வழக்கைக் கோப்பில் எடுக்குமுன் எதிர்த்தரப்பையும் கேட்க வேண்டும் என்று புதிய 223ஆம் பிரிவு சொல்கிறது. அதை நாங்கள் எதிர்க்கவில்லை. ஆனால் வசதியுள்ளவரின் வழக்கறிஞர் அந்த வாய்ப்பையே முழு விசாரணையாக்கிவிட இடம் தரக்கூடாது. முதலில் புகார்தாரரின் பிரமாண வாக்குமூலம், அதன் பிறகே எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு என்று கர்நாடக உயர் நீதிமன்றம் 2024இல் வகுத்த வரிசையைத் தமிழ்நாட்டு நடுவர் நீதிமன்றங்களும் பின்பற்ற வேண்டுகிறோம்.

ஒருமுறை தள்ளுபடியான புகாரை அதே விவரங்களோடு மறுபடி கொண்டுவருவது அரிதிலும் அரிது. சீராய்வு மனுவுக்கு இருப்பது 90 நாள். ஆகவே தள்ளுபடி உத்தரவைக் காரணங்களோடு தமிழில் எழுதி, அன்றே இலவச நகல் கொடுக்க வேண்டும். வழக்கறிஞர் வைக்க முடியாதவருக்கு, வாக்குமூலம் பதிவாகும் நாளுக்கு முன்பே வட்ட சட்டப் பணிகள் குழு ஒருவரை நியமித்துத் தர வேண்டும்.