கரியும் கந்தகமும் சொல்லும் பாடம்

ஒரு பொருளின் நிறம், மணம், கொதிநிலை ஆகியவற்றை மனப்பாடம் செய்து தேர்வில் எழுதிவிட்டால் வேதியியல் முடிந்துவிட்டது என்று நம்மில் பலர் எண்ணுகிறோம். அக்குணங்கள் மனிதரை எங்கே, எவ்விதம் தொடுகின்றன என்பதையும் சேர்த்துக் கற்றால்தான் அக்கல்வி முழுமை பெறும் என்பது நம் கருத்து. இதற்குச் சான்றாகக் கார்பன் டைசல்பைடு என்னும் ஒரு பொருளை எடுத்துக்கொள்வோம்.

அடுப்புக்கரியை நாம் அறிவோம்; பட்டாசில் சேரும் கந்தகத்தையும் அறிவோம். செந்தணலாய்ப் பழுத்த கரியின்மீது கந்தக ஆவியைச் செலுத்திக் குளிரவைத்தால் நீர்போல் தெளிந்த ஒரு திரவம் கிடைக்கிறது. 1796ஆம் ஆண்டில் ஜெர்மானிய வேதியியலார் லாம்பாடியுஸ் இதனைக் கண்டறிந்தார். நடுவில் ஒரு கார்பன் அணு, இருபுறமும் இரு கந்தக அணுக்கள்; மூன்றும் ஒரே நேர்கோட்டில். நாம் மூச்சில் வெளிவிடும் கரியமில வாயுவின் அமைப்பும் இதுவே. அங்கே ஆக்சிஜன் நிற்கும் இடத்தில் இங்கே கந்தகம் நிற்கிறது.

அமைப்பில் உறவாயினும் குணத்தில் இரண்டும் எதிரானவை. கரியமில வாயு தீயை அணைக்கும். இதுவோ தீயை அழைக்கும்! 46 டிகிரி செல்சியஸில் இது கொதித்துவிடும். இதன் ஆவி காற்றைவிட இரண்டரை மடங்கு கனமானது. ஆதலால் தரையோடு தவழ்ந்து செல்லும். ஏறத்தாழ 100 டிகிரியில் தீப்பொறியின்றியே பற்றிக்கொள்ளும். நீராவிக் குழாயின் சூடே போதும். கந்தகம், ரப்பர், கொழுப்பு ஆகியவற்றை எளிதில் கரைக்கும்.

கரைக்கும் இத்திறமையே இதனைத் தொழிற்சாலைக்குள் கொண்டுவந்தது. 19ஆம் நூற்றாண்டில் ரப்பரைப் பதப்படுத்த இதனைப் பயன்படுத்தினர். 1856இல் பாரிஸ் நகர மருத்துவர் டெல்பெக், ரப்பர்த் தொழிலாளரிடம் தலைவலி, கெட்ட கனவுகள், மறதி, கால் தளர்ச்சி ஆகியவற்றைக் கண்டு, இதன் ஆவியே காரணம் என எழுதினார். எச்சரிக்கை அன்றே எழுந்துவிட்டது என்பதை நாம் நினைவிற் கொள்ளவேண்டும்.

ஆயினும் 1892இல் இங்கிலாந்தில் இதற்கு இன்னும் பெரிய வேலை கிடைத்தது. மரக்கூழைக் காஸ்டிக் சோடாவில் ஊறவைத்து, இத்திரவத்தைச் சேர்த்தால் ஆரஞ்சு நிறப்பொருள் ஒன்று உண்டாகிறது. அதனை மீண்டும் காஸ்டிக் சோடாவில் கரைத்தால் தேன்போன்ற குழம்பு கிடைக்கும். அதுவே விஸ்கோஸ். நுண்துளைகள் வழியே அதனைக் கந்தக அமிலத்தினுள் பாய்ச்ச, பளபளக்கும் ரேயான் இழை பிறக்கிறது. செயற்கைப் பட்டு என்று உலகம் அதனைக் கொண்டாடியது.

இங்கே ஓர் உண்மையைக் கவனியுங்கள். அமிலத்தில் இழை உருவாகும் வேளையில் கார்பன் டைசல்பைடு பிரிந்து வெளியேறிவிடுகிறது. எனவே துணியை அணியும் நமக்குத் தீங்கில்லை. வெளியேறிய ஆவி இயந்திரத்தின் அருகே நிற்பவரின் மூச்சில் கலக்கிறது. அழகு நமக்கு, நோய் அவருக்கு. இது நியாயமா?

நியாயமன்று என்று உரைத்தவர்களுள் ஒருவர் அமெரிக்க மருத்துவர் ஆலிஸ் ஹாமில்டன். ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் 1919இல் நியமனம் பெற்ற முதல் பெண் ஆசிரியர் அவர். ஓய்வு பெற்ற பின்னரும், 1930களின் இறுதியில், பென்சில்வேனியாவின் ரேயான் தொழிலாளர் நிலையை ஆராய்ந்து வெளிப்படுத்தினார். பின்லாந்தில் இத்தொழிலாளரிடையே இதயநோய் மரணங்கள் மிகுந்திருப்பதைக் கண்டு, 1972இல் ஆலைக் காற்றில் இந்த ஆவியின் வரம்பைப் பத்து லட்சத்தில் 20 பங்கிலிருந்து 10 பங்காகக் குறைத்தனர். அதன்பின் அம்மரணங்கள் குறைந்தன. அக்கறை இருந்தால் வழியும் உண்டு!

அக்கறையற்ற இடத்தில் நடந்தது வேறு. ஜப்பானில் பயன்படுத்திய பழைய இயந்திரங்கள் தென்கொரியாவின் வொன்ஜின் ரேயான் ஆலைக்கு விற்கப்பட்டன. அங்கே நூற்றுக்கணக்கானோர் நோயுற்றனர். 1993இல் ஆலை மூடப்பட்டது. இயந்திரங்களோ சீனாவுக்குச் சென்றன. ஆபத்து ஒழியவில்லை, ஊர் மாறியது, அவ்வளவே.

அப்படியானால் ரேயானையே தடைசெய்துவிடலாமே எனச் சிலர் கேட்கலாம். அது நம் கருத்தன்று. பலருக்குச் சோறு போடும் தொழில் இது. நம் நாட்டிலும் பெருமளவில் நடைபெறுகிறது. இயந்திரங்களை மூடி அமைத்து, ஆவியைப் பிடித்து மீண்டும் பயன்படுத்தலாம். கார்பன் டைசல்பைடே இன்றி மரக்கூழைக் கரைத்து நூற்கும் லயோசெல் முறையும் வந்துவிட்டது. செலவு கூடும் என்பது தடையாகலாமா? உழைப்பவரின் நரம்பையும் இதயத்தையும் கணக்கில் சேர்க்காமல் நிர்ணயித்த மலிவு விலை, உண்மையான விலையாகாது.

பெற்றோர்களே, ‘மூங்கில் துணி, முற்றிலும் இயற்கை’ என்று கடைக்காரர் கூறினால், அது எம்முறையில் நூற்றது என்று கேளுங்கள். அத்துணிகளில் பெரும்பாலானவை விஸ்கோஸே. தோழியரே, நாளை நம்மில் சிலர் வேதியியலாராகவும் மருத்துவராகவும் ஆலை நிர்வாகியராகவும் ஆகக்கூடும். அன்று கொதிநிலையோடு, அந்த ஆவியைச் சுவாசிப்பவர் யார் என்ற கேள்வியையும் நினைவில் வைப்போமாக!