கோப்புக்குள் அந்தப் பெண்கள் இருக்கிறார்கள்

சமூகநலப் பணியாளர் எழுதிய கோப்பில் ஏழைப் பெண்ணின் குரலைத் தேடுவது வீண் வேலை என்கிறார்கள். அமெரிக்க வரலாற்றாய்வாளர் லிண்டா கார்டன் மீது வைக்கப்படும் பழைய விமர்சனம் இது. ஜோன் ஸ்காட் போன்ற பெரிய அறிஞரே 1990இல் ஏறக்குறைய இந்தத் திசையில் அவரோடு வாதாடினார். கேட்க நுட்பமாக இருக்கிறது. சான்றுகளின் முன் நிற்கவில்லை.

1988இல் வெளிவந்த நூலுக்காகக் கார்டன் படித்தவை 1880 முதல் 1960 வரையிலான பாஸ்டன் குழந்தைப் பாதுகாப்பு அமைப்புகளின் கோப்புகள். மனைவியை அடிக்கும் கணவனைத் தட்டிக்கேட்பது அந்த அமைப்புகளின் வேலையே அல்ல. ஆனாலும் அடிபட்ட தாய்மார்கள் அதே வாசலுக்குத் தாங்களாக வந்தார்கள். பிள்ளைக்கு நேர்ந்ததைச் சொல்லித் தங்களுக்கும் பாதுகாப்பு கேட்டார்கள். ஜீவனாம்சம் கேட்டார்கள், பிரிந்து வாழ வழி கேட்டார்கள். பணியாளர் கேட்க விரும்பாத கோரிக்கை அவர் கையெழுத்திலேயே பதிவாகியிருக்கும்போது, அதை அவருடைய கற்பனை என்று எப்படித் தள்ளுவது?

கார்டன் இவர்களைப் புனிதர்களாக்கவும் இல்லை. பிள்ளைகளை அடித்த தாய்மார்களும் அந்நூலில் வருகிறார்கள்.

இந்தக் குரல்களை ஒதுக்கினால் என்ன நடக்கும் என்பதற்குச் சட்டமே சாட்சி. 1935ஆம் ஆண்டின் அமெரிக்கச் சமூகப் பாதுகாப்புச் சட்டம் ஆதரவற்ற குழந்தைக்கு உதவித்தொகை தந்தது. அதை வளர்க்கும் தாய்க்கென்று ஒரு பங்கு 1950இல்தான் சேர்ந்தது. கார்டனை மறுப்பவர்கள் முதலில் அந்தத் தாய்மார்களின் கோரிக்கைகளைப் படிக்கட்டும்.